அதையும் சேர்த்துக்குங்க

பாம்பில் விஷமுள்ளது, விஷமில்லாதது என்று இரண்டு ரகம் இருப்பதுபோல, வேலை பார்க்கிற மனிதர்களிலும் இரண்டு ரகம் உண்டு. பார்த்த வேலையை மறந்துவிடுகிறவர்கள் ஒரு ரகம். பார்த்த வேலை, பார்க்கப்போன வேலை, பார்க்க நினைத்த வேலை, அடுத்தவன் பார்க்கும்போது பக்கத்தில் நின்ற வேலை எல்லாவற்றையும் ஒரே மூட்டையாகக் கட்டி முதுகில் போட்டுக்கொண்டு, போகிற இடமெல்லாம் இறக்கிவைத்து, "அதையும் சேர்த்துக்குங்க" என்கிறவர்கள் இரண்டாவது ரகம். முதல் ரகத்தைப் பற்றி எழுத ஒன்றுமில்லை, அவர்களே மறந்துவிட்டார்கள். நாம் பார்க்கப்போவது இரண்டாவது ரகம். இதற்கு நான் வைத்திருக்கும் பெயர் 'முன்சர்வீஸ்'.

முன்சர்வீஸைப் பார்க்க நீங்கள் காட்டுக்கெல்லாம் போகவேண்டாம். விடுமுறை நாளில் முடிதிருத்தும் கடைக்குப் போனால் போதும். நாலு பேர் காத்திருப்பார்கள். ஐந்தாவதாக ஒருவர் உள்ளே வருவார். வந்த வேகத்தில் நாற்காலியில் ஏறப்போவார். "அண்ணே, அப்ப நாங்கள்லாம் எதுக்கு உட்கார்ந்திருக்கோம்?" என்று யாராவது கேட்டால் அவருக்குக் கோபம் வராது. கேட்டவர்மேல் பரிதாபம்தான் வரும். "தம்பி, நேத்தே வந்து கூட்டமா இருக்குன்னு திரும்பிப் போனவன் நான். நேத்து நின்னதையும் சேர்த்துக்குங்க" என்பார். பேருந்தில் இடமில்லையென்றால் முந்தின பேருந்தில் நின்றுகொண்டு வந்ததைச் சொல்லி இடம் கேட்பார். "எத்தனை நாளாக் காய்ச்சல்?" என்று டாக்டர் கேட்டால் போன வருஷத்துக் காய்ச்சலிலிருந்து பிடித்துக்கொண்டு வருவார். டாக்டருக்கே காய்ச்சல் வந்துவிடும்.

இப்படி ஒருவரை எனக்கு மிக நெருக்கமாகத் தெரியும். எவ்வளவு நெருக்கம் என்றால், என் தங்கையை அவருக்குத்தான் கட்டிக்கொடுத்திருக்கிறேன்.

நான் பள்ளிக்கூடத்தில் அதிகம் உட்கார்ந்தவன் இல்லை. ஆனால் இந்த ஊரில் உட்கார்ந்து படிக்கிறவர்கள், உட்கார்ந்து சம்பளம் வாங்குகிறவர்கள் அத்தனை பேருடைய நாற்காலியும் என் பட்டறையில் செய்ததுதான். ஒரு ஆணிகூட அப்பன் வீட்டுச் சொத்தில் வாங்கியதில்லை. ஆள் எழுந்துபோன பிறகு நாற்காலியைக் காட்டுங்கள், ஆளைச் சொல்லிவிடுகிறேன். வேலை செய்கிறவன் நாற்காலி முன்விளிம்பில் தேயும். தூங்குகிறவன் நாற்காலி சாய்மானத்தில் தேயும். எங்கள் மாப்பிள்ளையின் நாற்காலி மட்டும் கைப்பிடியில் தேயும். பேசும்போது தட்டிக்கொண்டே இருப்பார். எத்தனை முறை மெருகு போட்டாலும் நிற்காமல், கடைசியில் கைப்பிடிக்குத் தகரம் அடித்துக் கொடுத்தேன். அதற்குப் பிறகு அவர் பேச்சுக்குத் தாளமும் சேர்ந்துகொண்டது.

மாப்பிள்ளைக்கு உத்தியோகம், தராசுக்கு முத்திரை போடும் அரசாங்க அலுவலகத்தில். கடைக்காரர்கள் தராசையும் எடைக்கல்லையும் தூக்கிக்கொண்டு வந்து வரிசையில் நிற்பார்கள். மாப்பிள்ளை, கண்காணிப்பாளர் என்ற பெயர்ப்பலகைக்குப் பின்னால் உட்கார்ந்து, ஒவ்வொரு கல்லையும் வாங்கிப் பார்ப்பார். எவனுடைய தராசிலாவது ஒரு மிளகு அளவு கூடினாலும் போதும், "உழைச்சுச் சாப்பிடறவன் இப்படி எடையில கூட்டிக் காட்டுவானாய்யா?" என்று தகரம் அதிரத் தட்டுவார். அப்பேர்ப்பட்ட நியாயஸ்தர்.

இந்த உத்தியோகத்துக்கு வருமுன் அவர் ஒரு தனியார் பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்தார். அரசாங்க அங்கீகாரம் பெற்ற பள்ளிக்கூடம்தான். அங்கே அவர் கூட்டல் நன்றாகச் சொல்லிக்கொடுப்பார் என்று பெயர். கழித்தல் பாடம் வருகிற வாரம் பார்த்து அவருக்கு உடம்புக்கு முடியாமல் போய்விடும் என்பார்கள்.

பள்ளிக்கூடத்தில் இருந்த வருஷங்களை அவர் எங்கேயும் இறக்கிவைக்காமல் சுமந்து திரிந்தார். அலுவலகத்தில் அவரைவிட மூத்தவர் யாராவது "நான் சேர்ந்தப்போ..." என்று வாயைத் திறந்தால், "பள்ளிக்கூடத்தையும் சேர்த்தா உங்களுக்கு நான் சீனியர்" என்று மூடிவிடுவார். கல்யாணமாகி எத்தனை வருஷம் என்று யாரும் அவரைக் கேட்கக்கூடாது. கேட்டால் கல்யாணத்துக்கு முன் என் தங்கை வேலைக்குப் போன வழியில் அவர் நின்ற வருஷங்களையும் கூட்டிச் சொல்வார்.

"அப்ப நான் உங்களைத் திரும்பிக்கூடப் பார்க்கலையே! அதை எப்படிச் சேர்ப்பீங்க?" என்பாள் என் தங்கை.

"பார்க்கிறதும் பார்க்காததும் உன் இஷ்டம். நின்னது நான்தானே? சர்வீஸ் சர்வீஸ்தான்."

அவருடைய மூட்டையிலேயே கனமான சரக்கு ஒன்று உண்டு. பள்ளிக்கூடத்தை விட்டு வெளியே வந்த கதை. புதிதாக யார் வேலைக்குச் சேர்ந்தாலும் முதல் நாள் மத்தியானமே அதைக் கேட்டாகவேண்டும். அலுவலகத்து விதிப் புத்தகத்தில் இல்லாத விதி அது.

"ஹெட்மாஸ்டர் என்னைப் பார்த்து, 'இந்தப் பள்ளிக்கூடத்தை விட்டா உனக்கு வேற நாதி ஏது?'ன்னாரு. நான் ஒரு வார்த்தை பேசலை. பையிலேர்ந்து ராஜினாமாவை எடுத்தேன். மடிச்சேன். மூஞ்சியில எறிஞ்சேன். அப்படியே திரும்பினேன். நடந்தேன். அந்தப் பக்கம் தலைவெச்சுக்கூடப் படுக்கலை."

சம்பளத்துக்கு வருஷா வருஷம் உயர்வு வருவதுபோல இந்தக் கதைக்கும் உயர்வு உண்டு. ஆரம்பத்தில் ராஜினாமா ஹெட்மாஸ்டரின் மேஜைமேல்தான் விழுந்தது. அடுத்த சில வருஷங்களில் மேஜையிலிருந்து எழும்பி அவர் நெஞ்சில் பட்டது. பிறகு முகத்துக்கு ஏறியது. மாப்பிள்ளைக்கு முதல் பதவி உயர்வு வந்தபோது ஹெட்மாஸ்டரின் மூக்குக்கண்ணாடி தெறித்துக் கீழே விழுந்தது. இரண்டாவது பதவி உயர்வில் கண்ணாடி உடைந்தது. கண்காணிப்பாளர் ஆன வருஷம் ஹெட்மாஸ்டர் கண் தெரியாமல் சுவரைத் தடவிக்கொண்டு வெளியே வந்தார். இன்னும் ஒரு பதவி உயர்வு கிடைத்திருந்தால் பாவம், அவரை அடக்கம் செய்திருப்பார்கள்.

கேட்கிறவர்களும் கேட்டுக்கொண்டுதான் இருந்தார்கள். ஒரு கடுதாசியை எறிந்து ஒருவன் கண்ணாடியை எப்படி உடைக்கமுடியும் என்று எவனும் கேட்கவில்லை. கேட்பானேன்? ஒவ்வொருத்தனிடமும் எறியாத ராஜினாமா ஒன்று பையில் இருந்தது.

சரி, கதைதானே, யாருக்கு நஷ்டம் என்கிறீர்களா? அங்கேதான் வருகிறேன்.

மாப்பிள்ளைக்கு ஓய்வுபெறும் காலம் நெருங்கியது. வீடு, ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாவது மாடி. என் தங்கைக்கு இரண்டு முழங்காலும் போய்விட்டன. காய்கறி வாங்கக் கீழே இறங்கினால் ஏறிவர அரை நாள். ஒவ்வொரு மாடித் திருப்பத்திலும் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து நின்று, போகிற வருகிறவர்களிடம் சும்மா பேசவந்ததுபோலப் பேசிக்கொண்டிருப்பாள். வலி என்று சொல்லமாட்டாள். என் தங்கை அல்லவா, எங்கள் பரம்பரையே அப்படி. அவளுக்கு இருந்த ஆசை ஒன்றே ஒன்று. கடைசிக் காலத்திலாவது வாசலும் தரையும் ஒரே மட்டத்தில் இருக்கிற வீடு. ஒரு தரைத்தள வீட்டைப் பேசியும் வைத்திருந்தார்கள். ஆனால் முழு பென்ஷன் வந்தால்தான் அந்த வாடகை கட்டும். முழு பென்ஷன் வரவேண்டுமானால் அரசாங்கத்தில் பார்த்த வருஷங்கள் மட்டும் பற்றாது. பள்ளிக்கூடத்தில் பார்த்ததையும் சேர்க்கவேண்டும்.

வாழ்நாள் முழுக்க "அதையும் சேர்த்துக்குங்க" என்று சொல்லித் திரிந்த மனிதர், உண்மையாகவே சேர்த்துக்கொள்ளச் சொல்லவேண்டிய இடம் வந்தது. கேட்டார். அரசாங்கமும், "சேர்க்கலாம், தடையில்லை" என்றது. ஒரே ஒரு விதி. பழைய வேலையிலிருந்து அனுமதி கேட்டு, முறைப்படி விடுவிக்கப்பட்டு வந்திருந்தால் அந்த வருஷங்கள் சேரும். ராஜினாமா செய்துவிட்டு வந்திருந்தால், அன்றோடு அத்தனையும் பூஜ்யம்.

நுணலும் தன் வாயால் கெடும் என்று சும்மாவா சொன்னார்கள்?

பள்ளிக்கூடம் மூடி வெகுநாளாகிவிட்டது. அந்தக் கட்டடத்தில் இப்போது சிமெண்டு மூட்டை அடுக்கியிருக்கிறார்கள். காகிதமெல்லாம் கரையான் சாப்பிட்டாயிற்று. ஆகவே நேரில் விசாரித்து முடிவுசெய்ய வேண்டியவர், அலுவலகத்தின் தலைமை அதிகாரி. அந்த அம்மாள் வயதில் இளையவர். பயிற்சிக்காக அதே அலுவலகத்தில் வந்து சேர்ந்த முதல் நாள் மத்தியானம் அவருக்கு என்ன நடந்திருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

"உட்காருங்க சார்" என்றார் அதிகாரி. மரியாதையான பெண். "உங்களுக்குச் செய்யணும்னுதான் எனக்கும் ஆசை. ஆனா ஒண்ணு கேக்கணும். நீங்க ராஜினாமா பண்ணிட்டு வந்தீங்களா, ரிலீவ் ஆகி வந்தீங்களா?"

மாப்பிள்ளை தொண்டையைச் செருமினார். அந்த அறைக்குக் கதவு பாதிதான் உண்டு. மேலேயும் கீழேயும் திறந்திருக்கும். கீழே இடைவெளியில் செருப்புகள் தெரிந்தன. தட்டச்சர் செருப்பு, ஓட்டுநர் செருப்பு, முத்திரைக்காரர் செருப்பு. எல்லாம் ஏதோ வேலையாக வந்ததுபோல நின்றன.

"ரிலீவ்தான் மேடம்."

"நான் வந்த முதல் நாளே நீங்கதானே சார் சொன்னீங்க? மூஞ்சியில எறிஞ்சேன்னு?"

செருப்புகள் ஓரடி முன்னால் நகர்ந்தன.

கூழுக்கும் ஆசை, மீசைக்கும் ஆசை என்பார்கள். கூழ் ஒரு பக்கம் கொதிக்கிறது. மீசை ஒரு பக்கம் கதவுக்கு வெளியே காது கொடுத்து நிற்கிறது. இந்த மாதிரி நேரத்தில் நீங்களாக இருந்தால் என்ன சொல்வீர்கள்? மாப்பிள்ளை சொன்னதை நீங்கள் ஏழு பிறவி எடுத்தாலும் சொல்லமாட்டீர்கள்.

"எறிஞ்சேன் மேடம். ஆனா முறைப்படி எறிஞ்சேன்."

அதிகாரி பேனாவை மூடிவைத்தார். "முறைப்படின்னா?"

"முதல்ல 'எறியலாங்களா ஐயா'ன்னு அனுமதி கேட்டேன்."

"அவர் என்ன சொன்னாரு?"

"வாய்மொழியா... ஒத்துக்கிட்டாரு."

"மூஞ்சியில எறியறதுக்கா?"

"உரிய வழியிலதான் மேடம் எறிஞ்சேன். மரியாதைக் குறைவா ஒண்ணும் எறியலை."

ஓட்டுநர் செருப்பு சிரிப்பை அடக்கமுடியாமல் நடைக்கூடத்தில் ஓடியது. அதிகாரி சிரிக்கவில்லை. "சார், எறிஞ்சிருந்தா அது ராஜினாமா. அரசாங்கத்துல மரியாதையா எறியறதுக்குன்னு தனிப் பிரிவு கிடையாது. அப்ப கூட இருந்தவங்க யாராவது இருந்தா வெள்ளிக்கிழமைக்குள்ள கூட்டிட்டு வாங்க. அந்த ஹெட்மாஸ்டர் இருக்காரா?"

"இருக்க வாய்ப்பில்லை மேடம்" என்றார் மாப்பிள்ளை. அதைச் சொல்லும்போது அவர் குரலில் துக்கம் இருந்தது என்று சொல்லமுடியாது.

அன்று சாயங்காலம் அவர் வீட்டுப் படியேறியபோது இரண்டாவது மாடித் திருப்பத்தில் என் தங்கை கூடையோடு நின்றுகொண்டிருந்தாள்.

"என்னங்க ஆச்சு?"

"ஆகும். பேசியிருக்கேன்."

"எறிஞ்ச கதையைப் பேசிட்டீங்களா, நடந்த கதையைப் பேசிட்டீங்களா?"

மாப்பிள்ளை கூடையை வாங்கிக்கொண்டார்.

"அன்னிக்கு நீங்க வீட்டுக்கு வந்தது எனக்கு ஞாபகமில்லையா? கண்ணு ரெண்டும் செவந்து, சோறு வேணாம்னு சுவத்தைப் பார்த்துப் படுத்துக்கிட்டீங்க. எறிஞ்சவருக்கா பசிக்காமப் போச்சு?"

"கண்ணுல தூசி."

"இத்தனை வருஷமா ஊரு முழுக்கத் தூவினீங்களே, அந்தத் தூசியா?"

"இந்தா பாரு. ஒருத்தன் முப்பது பேருக்கு நடுவுல தலை நிமிர்ந்து உட்கார்ந்திருக்கான்னா அதுக்கு ஒரு கதை வேணும். அதைப் புடுங்கிட்டா அப்புறம் நாற்காலிதான் மிச்சம். பென்ஷன் கொஞ்சம் குறைஞ்சா குறைஞ்சிட்டுப் போகுது. இந்த வீட்டுக்கு என்ன குறைச்சல்? காத்து வருது, வெளிச்சம் வருது."

"எல்லாம் வருது. நான்தான் வரமுடியலை" என்றாள் அவள். சுவரைப் பிடித்துக்கொண்டு அடுத்த படியில் காலை வைத்தாள்.

மறுநாள் காலை என் பட்டறைக்கு வந்து நின்றாள். "அண்ணே, உன் வண்டி வேணும்."

"எங்கேம்மா?"

"ஹெட்மாஸ்டர் உயிரோடதான் இருக்காரு. பொண்ணு வீட்டுல. நான் விசாரிச்சு வெச்சிருக்கேன்."

என் தங்கைக்கு இந்த மூளை எங்கிருந்து வந்தது என்று நான் சொல்லத் தேவையில்லை. நாற்காலி ஏற்றும் வண்டியை எடுத்தேன். உள்ளே நல்ல கை வைத்த நாற்காலியாக ஒன்றைக் கயிறு போட்டுக் கட்டினேன். ஹெட்மாஸ்டரை ராஜா மாதிரி உட்காரவைத்து வெள்ளிக்கிழமை காலையில் அலுவலக வாசலில் இறக்கினேன். மெலிந்த மனிதர், நிமிர்ந்த முதுகு. காது மட்டும் மந்தம். ஆகவே அவர் ரகசியம் பேசினாலும் தெருமுனைவரை கேட்கும். வழியெல்லாம் என் தங்கையைப் பார்த்து, "எந்தப் பையன்மா? அந்தக் கூட்டல் பையனா?" என்று கேட்டுக்கொண்டே வந்தார்.

ஹெட்மாஸ்டர் உள்ளே நுழைந்ததும் மாப்பிள்ளை எழுந்து நின்றார். அவர் எழவில்லை, அவருடைய முழங்கால்கள் எழுந்தன. கைகள் தாமாகக் கட்டிக்கொண்டன. அந்தக் கோலத்தைப் பார்த்ததுமே அதிகாரிக்குப் பாதி விளங்கியிருக்கவேண்டும். என் தங்கை வெளியே பெஞ்சில் உட்கார்ந்தாள். பாதிக் கதவின் கீழ் இப்போது செருப்புகளுக்குப் பஞ்சமில்லை. எடைக்கல் கொண்டுவந்த கடைக்காரர்களுடையதும் சேர்ந்திருந்தது.

அதிகாரி உரக்கக் கேட்டார்: "ஐயா, இவரு உங்க பள்ளிக்கூடத்தை விட்டுப் போனப்போ ராஜினாமாவை உங்க மூஞ்சியில எறிஞ்சாரா?"

"என்னது?"

"எறிஞ்சாரா?"

"எதை?"

"ராஜினாமாவை! உங்க மூக்குக்கண்ணாடி உடைஞ்சுதாமே!"

ஹெட்மாஸ்டர் யோசித்தார். தன் முகத்தைத் தடவிப் பார்த்தார். "மூக்குக்கண்ணாடியா? நான் கண்ணாடியே போட்டதில்லையேம்மா. இன்னிக்கும் வெறுங்கண்ணாலதான் பேப்பர் படிக்கிறேன்."

வெளியே ஒரு எடைக்கல் கைதவறித் தரையில் விழுந்தது.

"எறியறதா! இவனா!" ஹெட்மாஸ்டரின் குரல் கூரையில் முட்டியது. "என் மேஜைகிட்ட வரவே இவனுக்குக் கால் உதறும். அரசாங்க வேலைக்கு உத்தரவு வந்துடுச்சுன்னு நான்தான் கூப்பிட்டுச் சொன்னேன். நல்லா இருடா, போயிட்டு வாடான்னு முறைப்படி விடுவிச்சு எழுதிக் கொடுத்தேன். போகமாட்டேன்னு அழுதான்மா. வாசல் வரைக்கும் போவான், திரும்பி வருவான். 'ஐயா, என்னை வேண்டாம்னு சொல்லிட்டீங்களா'ம்பான். பிள்ளைங்கள்லாம் ஜன்னல்ல ஏறி வேடிக்கை பார்க்குதுங்க. கடைசில என் கைக்குட்டையைக் கொடுத்து அனுப்பிவெச்சேன்." மாப்பிள்ளையின் பக்கம் திரும்பினார். "ஏண்டா, அந்தக் கைக்குட்டையை நீ திருப்பிக் கொடுக்கவே இல்லையே?"

மாப்பிள்ளை யாரையும் பார்க்கவில்லை.

அதிகாரி மெதுவாகக் கேட்டார்: "சார், அவர் சொல்றதை நீங்களும் ஒத்துக்கணும். அப்பதான் நான் சேர்க்கமுடியும். எறிஞ்சீங்களா? அழுதீங்களா?"

பார்த்தீர்களா கூத்தை? இத்தனை வருஷம் பொய்யை உண்மை என்று சத்தியம் செய்தவருக்கு, உண்மையை உண்மை என்று ஒரு வார்த்தை சொல்ல நாக்கு புரளவில்லை. 'எறிந்தேன்' என்றால் மீசை தப்பும். இதே செருப்புகள் நாளைக்கும் அவர் மேஜையைச் சுற்றி நிற்கும். 'அழுதேன்' என்றால் கூழ் கிடைக்கும். ஆனால் முத்திரைக்காரன் முதல் மிளகுக்கடைக்காரன் வரை இன்றைக்கு மத்தியானமே சிரிப்பான். அவர் பார்வை தரைக்கு இறங்கியது. கதவின் கீழ் அத்தனை செருப்புகளுக்கும் பின்னால் பெஞ்சுக்கு அடியில் இரண்டு கால்கள் தெரிந்தன. ஒரு கை இறங்கிவந்து இடது முழங்காலைப் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தது. யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துப் பிடித்துவிட்டுக்கொள்கிற கை.

"அழுதேன் மேடம்" என்றார் மாப்பிள்ளை.

வெளியே யாரும் சிரிக்கவில்லை. ஒருவேளை சிரித்திருந்தால் அத்தோடு விட்டிருப்பார். சிரிக்காததால் அவருக்குத் தைரியம் வந்துவிட்டது. கை தானாக நாற்காலியின் கைப்பிடியைத் தேடிப்போய்த் தட்டியது.

"சாயங்காலம் மணி அடிச்சப்புறமும் அரை மணி நேரம் நின்னு அழுதேன். அதையும் சேர்த்துக்குங்க."

அப்புறம்தான் சிரித்தார்கள். அதிகாரி, செருப்புகள், எடைக்கற்கள் எல்லாமே சிரித்தன. காது கேட்காத ஹெட்மாஸ்டர், எதற்கென்று தெரியாமலே எல்லோரையும்விட அதிகமாகச் சிரித்தார்.

வருஷங்கள் சேர்ந்தன. முழு பென்ஷன் வந்தது. தரைத்தள வீட்டுக்குக் குடிபோனார்கள். மாப்பிள்ளை அதோடு திருந்திவிட்டார் என்று நினைக்கிறீர்களா? முன்சர்வீஸ் திருந்தியதாகச் சரித்திரமே கிடையாது. விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டாத வம்சம் அது. அலுவலகம் அவருக்கு நடத்திய வழியனுப்பு விழாவிலேயே புதுக் கதை தயாராகிவிட்டது. "எறியறதுக்கு என்ன பெரிய வீரம் வேணும்? எவன் வேணும்னாலும் எறிவான். முப்பது வாத்தியார் பார்க்க, ஜன்னல்ல பிள்ளைங்க பார்க்க, நின்னு அழறதுக்குத்தான் நெஞ்சுரம் வேணும்!" கைதட்டல். இந்தக் கதையும் முறைப்படி உயர்வு வாங்கத் தொடங்கியிருக்கிறது. போன மாதம் கேட்டபோது ஹெட்மாஸ்டரும் சேர்ந்து அழுதார். இந்த மாதம் பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டுவிட்டார்கள். அடுத்த வருஷம் வெள்ளம் வந்தாலும் வரும்.

புது வீட்டில் அக்கம்பக்கத்தார் "நீங்க இந்தத் தெருவுக்குப் புதுசா?" என்று கேட்டால், "புதுசா? வீடு பார்க்க வந்தது, முன்பணம் கொடுக்க வந்தது, சாவி வாங்க வந்தது, அதையெல்லாம் சேர்த்துக்குங்க" என்கிறார்.

ஒரு நாள் நான் போயிருந்தேன். வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, தான் பட்ட பாட்டை எனக்கே கூட்டிச் சொல்லிக்கொண்டிருந்தார். "இந்த வீட்டுக்காக நான் எவ்வளவு விட்டுக்கொடுத்தேன் தெரியுமா மச்சான்? மானத்தையே விட்டுக்கொடுத்தேன்." உள்ளேயிருந்து டீயோடு என் தங்கை வந்தாள். சுவரைப் பிடிக்காமல் வந்தாள். டம்ளரை அவர் கையில் கொடுத்தாள்.

"அந்த மூணு மாடியை நான் ஏறி இறங்குனேனே, அதை எந்த சர்வீஸ்ல சேர்த்திருக்கீங்க?"

மாப்பிள்ளை டீயைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். கூட்டல் வாத்தியாருக்கு முதல்முறையாகக் கூட்ட வரவில்லை.

வாசகர்களே, சிரித்திருப்பீர்கள். "எங்க ஆபீசிலயும் இப்படி ஒருத்தன் இருக்கான்" என்று பக்கத்து ஆளிடம் காட்டவும் எடுத்துவைத்திருப்பீர்கள். அதற்கு முன் போன வாரம் உங்கள் வீட்டில் நடந்த சண்டையைக் கொஞ்சம் நினைத்துப்பாருங்கள். "இந்தக் குடும்பத்துக்காக நான்..." என்று ஆரம்பித்தது யார்? எந்த வருஷத்திலிருந்து ஆரம்பித்தீர்கள்? எதிரே நின்றவருடைய வருஷங்களை எதில் சேர்த்தீர்கள்? என்னைக் கேட்காதீர்கள். நான் எதையும் கணக்கு வைத்துக்கொள்கிற ஆள் இல்லை. ஏழு வயதில் இழைப்புளியைக் கையில் எடுத்தவன், ஒரு நாள் லீவு போட்டதில்லை, ஒருத்தரிடம் கைநீட்டியதில்லை, இத்தனை பேரை உட்காரவைத்தவன், இருந்தும் வாய் திறந்து ஒரு வார்த்தை சொன்னதுண்டா?

உங்களுக்கும், "நான்கூடத்தான் எவ்வளவோ செஞ்சேன், சொல்லிக்காட்டினேனா?" என்று இந்த நிமிஷம் மனசுக்குள் ஒரு முனகல் கிளம்பியிருந்தால் கூச்சப்படாமல் என் பட்டறைக்கு வாருங்கள். கைப்பிடிக்குத் தகரம் அடித்த நாற்காலி ஒன்று தயாராக இருக்கிறது. தட்டிப் பார்த்து எடுத்துக்கொள்ளலாம்.